ராட்சத மண்புழு எங்கே இருக்கிறது? திருவாரூர் வயலில் ஏன் இல்லை?

மழை விட்ட மறுநாள் காலையில் திருவாரூர் பக்கம் வாழைக் கொல்லையிலோ வாய்க்கால் கரையிலோ மண்வெட்டியால் ஒரு வெட்டு போட்டால் மண்புழு நெளியும். தூண்டில் போடும் பசங்களுக்கு இது நன்றாகவே தெரியும். எடுத்து அளந்தால் பெரும்பாலும் ஒரு சாணுக்குள்தான் இருக்கும். தமிழ்நாட்டில் பரவலாகக் காணப்படும் ‘லாம்பிட்டோ மாரிட்டி’ இனத்தின் அளவே அவ்வளவுதான்.

ஆனால், வாட்ஸ்அப்பில் சுற்றும் வீடியோக்களில் ஒரு ஆள் இரண்டு கையாலும் தூக்கிப் பிடிக்கிற புழு வருகிறதே, அது நிஜமா? நிஜம்தான். பார்க்க வெளிநாடு போக வேண்டியதில்லை, மேற்குத் தொடர்ச்சி மலைக்குப் போனால் போதும்.

பெயரிலேயே திராவிடம்

சென்னை மாநிலக் கல்லூரிப் பேராசிரியராக இருந்த ஆல்ஃபிரட் கிப்ஸ் போர்ன், 1880-களில் நீலகிரி, சேர்வராயன் மலை மண்புழுக்களை ஆராய்ந்தார். அவர் விவரித்த நீலகிரி இனம் ‘டிராவிடா கிராண்டிஸ்’. கேரளத்தின் நிலம்பூர் பெயரைத் தாங்கிய ‘டிராவிடா நிலம்பூரென்சிஸ்’ இனத்தையும் 1894-ல் அவரே விவரித்தார். இரண்டும் ஒரு மீட்டர் வரை வளரக்கூடியவை. ‘டிராவிடா’ என்ற பேரினப் பெயரை 1900-ல் சூட்டியவர் ஜெர்மன் விலங்கியலாளர் மிக்கேல்சன். எழுத்துக்கூட்டிப் படித்தாலே அது எந்த ஊர்ச் சொல் என்று புரிந்துவிடும்!

கின்னஸ் சாதனை தென்னாப்பிரிக்காவிடம் இருக்கிறது. 1967-ல் சாலையோரம் கிடைத்த அந்தப் புழுவின் நீளம் 6.7 மீட்டர். மண்புழு ரப்பர் மாதிரி இழுபடும் என்பதால், இந்த மாதிரி எண்களைக் கொஞ்சம் நிதானமாகவே எடுத்துக்கொள்வது நல்லது.

நன்றாக ஆராயப்பட்டது ஆஸ்திரேலியாவின் கிப்ஸ்லாந்து மண்புழு. 1870-களில் ரயில் பாதைக்கு நில அளவை செய்தவர்கள் இதைப் பாம்பு என்றே நினைத்தார்களாம். சராசரி நீளம் ஒரு மீட்டர். ஈரமான வளைக்குள் அது நகரும்போது ‘களக் களக்’ என்று எழும் சத்தம் மேலே நடப்பவர்களுக்கே கேட்கும். முட்டைக்கூடு ஒன்றில் ஒரே ஒரு குஞ்சு. அது வெளிவரவே ஓராண்டு வரை ஆகும், வரும்போதே ஒரு சாண் நீளம். மண்வெட்டி பட்டால் செத்துவிடும். ‘வெட்டினால் இரண்டு புழுவாகும்’ என்பதெல்லாம் கதை.

புழுவா, பாம்பா?

நம் ஊரிலும் இந்தக் குழப்பம் உண்டு. பூந்தொட்டியிலும் பாத்ரூம் ஓரத்திலும் வரும் கருத்த, பளபளப்பான ‘புழு’ பல நேரம் புழுப்பாம்பு. செதில் இருக்கும், குட்டி நாக்கை நீட்டும், மனிதர்களை ஒன்றும் செய்யாது. மலைப்பகுதி வீடியோக்களில் வருவது சிசிலியனாகவும் இருக்கலாம். அது தவளைக்குச் சொந்தமான, கால் இல்லாத உயிரினம். வாயும் பல்லும் உண்டு. வளர்ந்த மண்புழுவுக்கு உடம்பின் முன்பகுதியில் பட்டை கட்டியதுபோல ஒரு வளையம் தெரியும். அதைப் பார்த்தாலே சந்தேகம் தீர்ந்துவிடும்.

டெல்டாவில் ஏன் இல்லை?

ராட்சத புழுக்கள் பெரும்பாலும் ஆழத்தில், நிரந்தர வளையில் வாழ்பவை. அந்த மண் வருடம் முழுக்க ஈரமாக இருக்கணும், யாரும் கிளறக் கூடாது. நெல் வயல் இதற்கு நேரெதிர். மேட்டூரில் தண்ணீர் திறந்தால் குறுவை, அப்புறம் சம்பா, தாளடி. சேற்றுழவில் மண் குழம்பி, வளை என்ற ஒன்றே இல்லாமல் போகிறது. மண்புழு சுவாசிப்பது தோல் வழியாக. தண்ணீர் கட்டிய சேற்றில் ஆக்சிஜன் சீக்கிரம் தீர்ந்துவிடும். கோடையில் அதே களிமண் பாளம் பாளமாக வெடிக்கும்.

அப்படியென்றால் மலையிலிருந்து நாலு பெரிய புழுவைக் கொண்டுவந்து விட்டால்? பிழைக்காது. கடையில் கிலோ கணக்கில் விற்கும் புழுக்களை வயலில் கொட்டினாலும் அதே கதைதான். ‘ஐசீனியா ஃபெடிடா’, ஆப்பிரிக்காவின் ‘யூட்ரிலஸ்’ ஆகியவை சாணத்திலும் மக்கும் குப்பையிலும் வாழ்பவை. உரத்தொட்டிக்கு அவை சரி. மண்ணைத் துளைத்து மேலும் கீழும் போய்வருகிற வேலை நம்மூர் லாம்பிட்டோவுடையது. உள்ளூர்ப் புழுக்களைப் பயன்படுத்தச் சொல்லி மண்ணியல் அறிஞர் சுல்தான் இஸ்மாயில் பல ஆண்டுகளாகப் பேசிவருவதும் இதனால்தான். 1891-ல் வெளியான ‘மனோன்மணீயம்’ நாடகத்தில் ஒரு பாத்திரம் நின்று வியந்து பார்க்கும் உழவாளியும் ஒரு நாங்கூழ்ப் புழுதான்.

வயல் முழுக்கத் தண்ணீர் நிற்கும் மாதங்களில் மண்புழுவுக்கு மிஞ்சுகிற இடம் வரப்பு. இலைதழையும் ஈரமும் உள்ள அகலமான வரப்பில் அது தாக்குப்பிடித்து, தண்ணீர் வடிந்து உளுந்து, பயறு தெளிக்கும் நேரத்தில் மீண்டும் வயலுக்குள் இறங்கும். ஆனால் இன்னும் ஒரு வரிசை நாற்று நடலாம் என்று ஒவ்வொரு பட்டத்திலும் அண்டை வெட்டி, வரப்பை ஒற்றைக் கால் வைக்கிற அகலத்துக்குக் குறுக்கியாகிவிட்டது. மிச்சமிருப்பதிலும் புல்லுக்குக் களைக்கொல்லி அடிக்கிறார்கள். இரண்டடி வரப்பை அப்படியே விட்டுவைத்தால் நெல்லில் கொஞ்சம் குறையலாம். அடுத்த கோடையில் பயறு விதைக்கும்போது மண்ணை ஒரு பிடி அள்ளிப் பார்த்தால், குருணை குருணையாக உதிர்கிறதா என்று தெரிந்துவிடும்.