எஞ்சின் உதைப்பதை எடை போடுவது

திருநெல்வேலி மாவட்டம் மகேந்திரகிரியில், இஸ்ரோ வளாகத்தில், 2022 நவம்பர் 9 அன்று சி.இ.-20 கிரையோஜெனிக் எஞ்சினை 70 விநாடி எரியவிட்டார்கள். முதல் 40 விநாடி சுமார் 20 டன் உந்துவிசை. பிறகு வால்வை நகர்த்தியதும் 21.8 டன். அந்த எஞ்சின் அதுவரை தொடாத அளவு.

இவ்வளவு விசையை எப்படி அளப்பது? எரியும் எஞ்சின் தன்னைத் தாங்கும் சட்டத்தை முட்டித் தள்ளும். இடையில் வைத்த லோடு செல் என்ற உலோகத் துண்டு கண்ணுக்குத் தெரியாத அளவுக்கே நசுங்கும். ஆனாலும் அதில் ஒட்டிய மெல்லிய கம்பிப் பின்னலின் மின்தடை மாறிவிடும். அந்த மாற்றத்தைத்தான் டன்னாகப் படிக்கிறார்கள். காய்கறிக் கடை எலெக்ட்ரானிக் தராசுக்குள்ளும் இதே சங்கதிதான்.

தொல்லை தருவது எஞ்சினுக்கு எரிபொருள் கொண்டுவரும் குழாய்கள். மைனஸ் 253 டிகிரி திரவ ஹைட்ரஜன் பாய்ந்ததும் குழாய் சுருங்கி எஞ்சினைப் பிடித்து இழுக்கும். அந்த இழுவையும் கணக்கில் கலந்துவிடும். அதனால் எரியூட்டுவதற்கு முன்பே, அளவு தெரிந்த விசையால் சட்டத்தை அழுத்தி, கருவி சொல்வது சரியா என்று பார்த்துக்கொள்வது வழக்கம்.

பறக்கிற ஜெட் விமானத்தில் இந்தச் சட்டத்துக்கு எங்கே போவது? அங்கே எஞ்சின் விசிறியின் சுழல்வேகத்தையோ எஞ்சினின் அழுத்த விகிதத்தையோ வைத்துத்தான் விமானி உந்துவிசையை மதிப்பிடுகிறார்.