புலம்பெயர்ந்த எகிப்தியரின் மும்மொழி வாழ்வு: வட அமெரிக்கக் காப்டிக் சமூகத்தில் மொழிப் பெயர்ச்சியும் மொழிபெயர்ப்பும்

1. முன்னுரை

ஒரு சமூகம் தன் மொழியை விட்டு வேறொரு மொழிக்கு மாறுவதை மொழியியலார் மொழிப் பெயர்ச்சி என்பர். புலம்பெயர்ந்த குடும்பங்களில் இது பெரும்பாலும் மூன்று தலைமுறைக்குள் நிகழ்ந்துவிடுகிறது. முதல் தலைமுறை தாய்மொழியிலும், இரண்டாம் தலைமுறை இரு மொழிகளிலும், மூன்றாம் தலைமுறை புதிய நாட்டின் மொழியிலும் வாழ்கின்றன. எகிப்திலிருந்து கனடாவிலும் அமெரிக்க ஐக்கிய நாடுகளிலும் குடியேறிய காப்டிக் கிறித்தவரிடம் இப்பொது நெறி ஒரு முரண்பாட்டுடன் காணப்படுகிறது. இவர்கள் வீட்டில் பேசிய அரபு மொழி தளர்கிறது. ஆனால் பல நூற்றாண்டுகளாக எவருக்கும் பேச்சுமொழியாக இல்லாத காப்டிக் மொழி நிலைபெறுகிறது. இம்முரண்பாட்டின் காரணத்தையும், அது மொழிபெயர்ப்பாளருக்கு எழுப்பும் சிக்கல்களையும் விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

2. வரலாற்றுப் பின்னணி

காப்டிக், பண்டைய எகிப்து மொழியின் இறுதி நிலை. கிரேக்க எழுத்துகளோடு, அவ்வெழுத்துகளால் குறிக்க இயலாத ஒலிகளுக்காக டெமாட்டிக் எழுத்திலிருந்து பெற்ற சில குறிகளையும் சேர்த்து இது எழுதப்பட்டது. கி.பி. 706-இல் அரபு எகிப்தின் ஆட்சிமொழியாயிற்று. 12-ஆம் நூற்றாண்டில் மறைமுதுவர் இரண்டாம் காப்ரியேல் (1131-1145) திருச்சபையில் அரபு மொழியைப் பயன்படுத்த இசைவளித்தார். மக்கள் தாம் கேட்கும் மறையுரையைப் புரிந்துகொள்ள இயலாத நிலை அப்போதே தோன்றிவிட்டது என்பதற்கு இதுவே சான்று. 13-ஆம் நூற்றாண்டில் காப்டிக் இலக்கணங்கள் அரபு மொழியில் எழுதப்பட்டன. ‘சுல்லம்’ (ஏணி) என்றழைக்கப்பட்ட காப்டிக்-அரபுச் சொற்பட்டியல்களும் பெருகின. மறையும் மொழியை ஏறிப் பிடிக்க அமைத்த ஏணிகள் இவை.

நாளடைவில் காப்டிக் வழக்கொழிந்து வழிபாட்டு மொழியாக மட்டும் நின்றது. எனினும் எகிப்திய அரபுப் பேச்சில் அதன் சுவடுகள் உள்ளன. முதலையைக் குறிக்கும் ‘திம்ஸாஹ்’, பாலைவனச் சோலையைக் குறிக்கும் ‘வாஹா’, உழவர்கள் பருவங்களைக் கணிக்கப் பயன்படுத்தும் தூத், தூபா, அம்ஷீர் முதலிய மாதப் பெயர்கள் ஆகியவை பண்டைய எகிப்து மொழிவழி வந்தவை. இவற்றை முஸ்லிம்களும் கிறித்தவர்களும் வேறுபாடின்றி வழங்குகின்றனர்.

3. புலப்பெயர்வு

1952-ஆம் ஆண்டுப் புரட்சி, 1961-இன் நாட்டுடைமையாக்கம், 1967-ஆம் ஆண்டுப் போர் ஆகியவற்றையடுத்து எகிப்தின் படித்த நடுத்தர வகுப்பினர் பலர் வெளிநாடுகளை நாடினர். 1965-இல் அமெரிக்கா நாட்டின அடிப்படையிலான ஒதுக்கீட்டு முறையைக் கைவிட்டது. 1967-இல் கனடா தகுதிப் புள்ளி முறையைக் கொண்டுவந்தது. 1971-ஆம் ஆண்டின் எகிப்திய அரசமைப்பு நிலையாகக் குடிபெயரும் உரிமையைக் குடிமக்களுக்கு வழங்கியது. மருத்துவர், பொறியாளர், மருந்தாளுநர், கணக்காளர் போன்றோர் முதல் அலையில் மிகுந்திருந்தனர். 1964-இல் வட அமெரிக்காவுக்கென ஒரு காப்டிக் குரு அமர்த்தப்பட்டு டொராண்டோவில் பணியைத் தொடங்கினார். மறைமுதுவர் மூன்றாம் ஷெனூதாவின் காலத்தில் (1971-2012) புலம்பெயர் நாடுகளில் ஆலயங்களும் ஆயர் பொறுப்புகளும் பன்மடங்காயின.

4. அடையாளத்தின் இடமாற்றம்

எகிப்தில் வாழும் காப்டிக் கிறித்தவருக்கு அரபு மொழி தனி அடையாளம் அன்று. அண்டை வீட்டு முஸ்லிமும் அதையே பேசுகிறார். அங்கு வேறுபடுத்திக் காட்டுவது வழிபாடும் அதன் மொழியுமே. டொராண்டோவிலோ ஜெர்சி சிட்டியிலோ இந்நிலை தலைகீழாகிறது. அங்குக் கிறித்தவராயிருத்தல் வேறுபாடு ஆகாது. எகிப்தியப் பேச்சே வேறுபாடாகிறது. எனவே தாயகத்தில் பொதுவாயிருந்த மொழி புதிய நாட்டில் ‘வீட்டு மொழி’ என்னும் உணர்வுநிலையைப் பெறுகிறது. அதே வேளையில், அரபு பேசுவதால் தம்மை ‘அராபியர்’ என அழைப்பதைக் காப்டிக் மக்களுள் பலர் ஏற்பதில்லை. 2024 மார்ச்சில் அமெரிக்க நடுவணரசு தன் இன வகைப்பாட்டில் ‘மத்தியக் கிழக்கு அல்லது வட ஆப்பிரிக்கா’ எனும் பிரிவைச் சேர்த்து, எகிப்தியரையும் எடுத்துக்காட்டாகச் சுட்டியது. அதுவரை அவர்கள் ‘வெள்ளையர்’ பிரிவில் அடங்கியிருந்தனர். மொழி, சமயம், நாடு ஆகிய மூன்றும் ஒரே பெயருக்குள் அடங்காமையை இது காட்டுகிறது.

ஃபெர்குசன் 1959-இல் இரட்டை வழக்கை விளக்கியபோது காட்டிய நான்கு சூழல்களுள் அரபு மொழியும் ஒன்று. புலம்பெயர்ந்தோர் குழந்தைகளுக்கு எடுத்துச் செல்வது பேச்சு வழக்கே. நூல்களும் அரபு வழிபாட்டு உரைகளும் உயர் வழக்கில் உள்ளன. வீட்டில் பேச்சரபு கேட்டு வளர்ந்த சிறுவனுக்கும் ஆலயத்தின் அரபு பாதி அயல்மொழியே. ஆகவே அரபு இரு முனைகளிலும் தளர்கிறது. வீட்டில் அதன் இடத்தை ஆங்கிலம் பெறுகிறது. ஆலயத்தில் பொருள் விளக்கும் பணியையும் ஆங்கிலமே ஏற்கிறது. 12-ஆம் நூற்றாண்டில் காப்டிக் மொழிக்கு எதிரே அரபு பெற்ற இடத்தை, இன்று அரபு மொழிக்கு எதிரே ஆங்கிலம் பெறுகிறது எனலாம்.

காப்டிக் மொழியோ இப்போட்டியில் இல்லை. உரையாடல் அதன் பணியன்று. பாடலோடும் சடங்கோடும் பிணைந்து நிற்பதே அதன் பணி. நீண்ட இசையிழுப்புகள் கொண்ட பாடல்களில் ஓர் உயிரொலியே பல சுரங்களில் விரிகிறது. சொல்லை மாற்றினால் பண்ணும் சிதையும். ஆதலால் அரபு எழுத்தறியா இளைஞரும் உரோமன் எழுத்தில் பெயர்த்தெழுதிய காப்டிக் பாடல்களைப் பாடுகின்றனர். வழிபாட்டு நூல்களில் காப்டிக், அரபு, ஆங்கிலம் என மூன்று பத்திகள் அருகருகே அச்சாகின்றன.

5. மொழிபெயர்ப்புச் சிக்கல்கள்

5.1 உறைந்த உடைமைப் பெயர்கள்: குருவை விளிக்கும் ‘அபூனா’ என்பது ‘எம் தந்தை’ எனப் பொருள்படும் அரபுச் சொல். குருவின் மனைவியையும் இறைப்பணிக்குத் தம்மை ஒப்புவித்த பெண்ணையும் குறிக்கும் ‘தாசோனி’ என்பது ‘என் சகோதரி’ என்னும் காப்டிக் தொடர். ‘தா’ என்பதே ‘என்’ எனப் பொருள் தருவது. வழக்கில் இவ்வுடைமைப் பொருள் மறைந்து, சொற்கள் பட்டப்பெயர்களாயின. இளையோர் அவற்றின்மேல் மற்றுமோர் உடைமைச் சொல்லைச் சேர்த்து ‘எங்கள் அபூனா’ எனக் கூறுதல் இயல்பாகிறது. எந்தை, நுந்தை, தந்தை என்றும் எங்கை, நுங்கை, தங்கை என்றும் நின்ற தமிழ் முறைப்பெயர்களில் படர்க்கை வடிவம் பொதுப்பெயராகி, இன்று ‘என் தங்கை’ என வழங்குவது இதற்கு ஒப்பானது. இச்சொற்களை ‘சகோதரி’ எனப் பெயர்ப்பதினும் ஒலிபெயர்த்து வைத்தலே பொருத்தம்.

5.2 பொருள் திரிந்த கடன்சொல்: கிரேக்கத்தில் மனமாற்றத்தைக் குறித்த ‘மெத்தனோயா’, காப்டிக் வழி அரபுக்கு வந்து ‘மதானியா’ என ஆகி, தலை நிலம்பட விழுந்து வணங்கும் செயலைக் குறிக்கிறது. கிரேக்க மூலத்தை மட்டும் கண்டு ‘மனந்திரும்புதல்’ எனப் பெயர்ப்பவர், குரு விதித்த இத்தனை ‘மதானியா’ என்னும் தொடரில் இடர்ப்படுவார். சொல்லின் பிறப்பைவிட அது கடந்து வந்த வழியே இங்குப் பொருளை உறுதிசெய்கிறது.

5.3 உணவுச் சொற்கள்: காப்டிக் மரபில் ஆண்டில் இருநூறு நாட்களுக்கு மேல் நோன்பு உண்டு. நோன்புக்கு ஏற்ற உணவு ‘ஸியாமீ’, ஏலாதது ‘ஃபிதாரீ’. வட அமெரிக்காவில் முன்னதற்கு ‘வீகன்’ என்னும் சொல்லை ஈடாக வழங்குவதுண்டு. ஆயினும் சில நோன்புகளில் மீன் இசைவுடையது. தேனும் விலக்கன்று. தமிழில் ‘சைவம்’ என்றால் வேறொரு சமயச் சாயல் புகும். ‘நோன்புணவு’ என்பதே நெருங்கிய ஈடாகும்.

5.4 வாழ்த்துத் தொடர்: ‘ஆண்டுதோறும் நலமாயிருப்பீர்’ எனப் பொருள்படும் ‘குல்ல ஸனா வின்த்த தய்யிப்’ என்பதை எகிப்தில் ஈகைத் திருநாள், கிறித்துப் பிறப்பு, பிறந்தநாள் அனைத்திற்கும் இரு சமயத்தாரும் கூறுவர். ஆங்கிலத்தில் விழாவுக்கு விழா வாழ்த்து வேறுபடுகிறது. பெயர்ப்பில் பொருள் குறைவதில்லை. இரு சமயத்தார்க்கும் பொதுவாயிருந்த ஒரு வாழ்வின் தடம் மறைகிறது.

6. முடிவுரை

மேற்கண்டவற்றால் இரு கருத்துகள் புலனாகின்றன. முதலாவது, பேச்சுப் பயன்பாடு மிகுந்த மொழியே புலப்பெயர்வில் முதலில் இழப்புக்கு உள்ளாகிறது. குறைந்த பணிகளே எஞ்சியிருப்பினும் போட்டியில்லாப் பணியைக் கொண்ட மொழி நிலைக்கிறது. இரண்டாவது, காப்டிக் நிலைப்பதால் எகிப்திய அடையாளம் முழுவதும் காக்கப்பட்டதெனக் கொள்ள இயலாது. பாடலை மனப்பாடமாய்ப் பாடும் பேரன், அரபு மட்டுமே அறிந்த பாட்டியிடம் நலம் உசாவ இயலாதவனாயிருக்கலாம். திருச்சபையின் தொடர்ச்சி ஒன்று; குடும்பத்தின் தொடர்ச்சி மற்றொன்று. அத்தகைய சமூகத்தின் எழுத்துகளைப் பெயர்ப்பவர், ஒவ்வொரு சொல்லும் வழிபாட்டு அடுக்கைச் சார்ந்ததா வீட்டு அடுக்கைச் சார்ந்ததா எனத் தெளிந்த பின்னரே அதனை ஒலிபெயர்ப்பதா மொழிபெயர்ப்பதா என முடிவுசெய்தல் வேண்டும்.