அயல்நாட்டுப் பணி: சம்பளம் எந்த உத்தரவில் இருக்கிறது?

தூதரகத்துக்கோ, பூடானில் இந்திய உதவியோடு எழுந்த தாலா நீர்மின் திட்டம் போன்ற ஒன்றுக்கோ டெபுடேஷனில் போகும் அரசு ஊழியர் வாங்கும் பணத்தில் இரண்டு வகை உண்டு. சம்பளம் அவருடைய பதவிக்கு உரியது. தாய்த்துறையில் பெற்றதன் தொடர்ச்சி. அயல்நாட்டுப் படி அப்படியல்ல. போன ஊரின் செலவை ஈடுகட்ட அரசு நிர்ணயிப்பது அது. ஊருக்கு ஊர், பதவிக்குப் பதவி மாறும். சம்பளத்தில் கைவைத்தால் விதியைக் காட்டி வாதாடலாம். படி குறைந்தால், "உத்தரவில் என்ன இருக்கிறது?" என்ற கேள்விதான் முதலில் வரும். உள்நாட்டு டெபுடேஷனுக்காக மத்தியப் பணியாளர் துறை 2010 ஜூன் 17இல் வெளியிட்ட பொது நிபந்தனைகள், வெளிநாட்டு டெபுடேஷனைத் தம் வரம்பிலேயே சேர்க்கவில்லை. ஆகவே அவரவர் கையில் உள்ள அனுமதி உத்தரவே பெரும்பாலும் அவரவருக்கான சட்டம். படி எவ்வளவு, எந்த நாணயத்தில், வீட்டு வாடகை யார் பொறுப்பு என்பதெல்லாம் அதில் இருக்க வேண்டும். வெளி அமைப்பு சம்பளம் தருமானால், விடுப்புச் சம்பளத்துக்கும் ஓய்வூதியத்துக்குமான பங்களிப்பை யார் கட்டுவது என்பதும் இருக்க வேண்டும். இந்தக் கடைசி வரி விடுபட்டால் ஓய்வு பெறும் நேரத்தில்தான் தெரியவரும்.

படி குறைந்தாலும், "இங்கிருந்தபடி மனுப் போட்டால் நம்மைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள், ஊருக்குப் போய்ப் பார்த்துக்கொள்ளலாம்" என்று பலர் நினைப்பார்கள். பயத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. டெபுடேஷனில் நீடிக்க யாருக்கும் உரிமை கிடையாது என்று குணால் நந்தா வழக்கில் (2000) உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் பேசாமல் இருப்பதற்கான விலை அதைவிடப் பெரிது. 1985ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டப்படி, இறுதி உத்தரவு வந்த ஓராண்டுக்குள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தை அணுக வேண்டும். கோரிக்கை மனுவுக்கு ஆறு மாதம் பதில் இல்லையென்றால், அதற்குப் பின் ஓராண்டு. திரும்பத் திரும்ப மனுப் போட்டுக் காலக்கெடுவை நீட்ட முடியாது; இதை சி. ஜேக்கப் வழக்கு (2008) தெளிவாக்கியது. மாதாமாதம் குறைவாகத் தருவது தொடரும் தவறு அல்லவா என்று கேட்கலாம். சரிதான், தர்சேம் சிங் வழக்கில் (2008) அந்த வாதம் ஏற்கப்பட்டது, நிலுவை மட்டும் மூன்றாண்டுக்கு வரம்பிடப்பட்டது. ஆனால் பணிக்காலம் முடிந்து ஊர் திரும்பியவருக்கு அயல்நாட்டுப் படி மாதாமாதம் குறைவதில்லையே. அந்தக் கணக்கு அங்கேயே முடிந்துவிடுகிறது. மனுவைச் சண்டையாக எழுத வேண்டியதில்லை. உத்தரவு எண், தேதி, குறைந்த தொகை குறிப்பிட்டு, ஒப்புகை வாங்கிய ஒரு பக்கம் போதும்.

இதற்கு நேர்மாறான தகராறும் உண்டு: கூடுதலாகத் தந்துவிட்டோம் என்று தணிக்கைக்குப் பின் பிடித்தம் செய்வது. மக்கள் பணம் திரும்பத்தான் வேண்டும் என்பது நியாயமான வாதம். சண்டி பிரசாத் உனியால் வழக்கும் (2012) அதைத்தான் சொன்னது. ஆனால் ரஃபீக் மசீஹ் வழக்கில் (2014) உச்ச நீதிமன்றம் சிலருக்கு விலக்களித்தது: சி, டி பிரிவு ஊழியர்கள், ஓய்வு பெற்றவர்கள், ஓராண்டுக்குள் ஓய்வு பெறுபவர்கள், ஐந்தாண்டுக்கு மேல் கூடுதல் தொகை வாங்கி வந்தவர்கள். எனினும், "கூடுதலாக வந்தால் திருப்பித் தருவேன்" என்று உறுதிமொழி எழுதிக் கொடுத்தவருக்கு இந்தப் பாதுகாப்பு நழுவிவிடலாம். ஜக்தேவ் சிங் வழக்கு (2016) அதற்குச் சான்று. கிளம்பும் அவசரத்தில் நீட்டப்படும் படிவங்களில் இந்த வரி இருக்கிறதா என்று பார்த்துக் கையெழுத்திட்டு, நகலை வைத்துக்கொள்வது நல்லது. பிடித்தம் செய்யும் முன் விளக்கம் கேட்டு நோட்டீஸ் தரவில்லை என்றால், அதுவே தனி வாதம்.

தீர்ப்பாயத்தில் மனுக் கட்டணம் 50 ரூபாய்தான். வழக்கறிஞர் இல்லாமல் தாமே வாதாடலாம். தீர்ப்பு பாதகமானால் 1997ஆம் ஆண்டின் எல். சந்திரகுமார் தீர்ப்புப்படி உயர் நீதிமன்றம் போகலாம். தமிழ்நாடு அரசு ஊழியருக்குத் தீர்ப்பாயம் என்ற இந்த முதல் கட்டம் இல்லை. மாநிலத் தீர்ப்பாயம் கலைக்கப்பட்டுவிட்டதால் அவர் நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுதான் போட வேண்டும்.