தகட்டுக்குப் பின்னால்...

வீட்டுக்கு வர்ணம் பூசும்போதுதான் சுவிட்ச் போர்டுகள் நம் கண்ணில் படுகின்றன. சுவர் புதிதாகிவிடும்; போர்டு மட்டும் பழுப்பேறி நிற்கும். உடனே கடைக்குச் செல்கிறோம். வெள்ளையா, சாம்பல் நிறமா, ஓரத்தில் பொன்னிறக் கோடு வேண்டுமா என்று குடும்பமே கூடி விவாதிக்கிறது. அந்தத் தகட்டுக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று எவரும் கேட்பதில்லை. நானும் கேட்டதில்லை.

அண்மையில் எங்கள் வீட்டின் பழைய போர்டுகளை மாற்றினோம். குளியலறை கீசருக்கான பிளக் பாயிண்டைக் கழற்றிய மின்பணியாளர் என்னை அழைத்துக் காட்டினார். எர்த் எனப்படும் நிலஇணைப்புக்கான பச்சைக் கம்பி, எதிலும் இணைக்கப்படாமல் சுருட்டிப் பெட்டிக்குள் தள்ளப்பட்டிருந்தது. வீடு கட்டி 11 ஆண்டுகள் ஆகின்றன. 'இத்தனை நாளும் கீசரில் கசிவு ஏற்படாதது உங்கள் நல்ல நேரம், சார்' என்றார் அவர். அந்தக் குளியலறையைத்தான் விடுமுறைக்கு வரும் பேரக்குழந்தைகளும் பயன்படுத்துகிறார்கள்.

பொருளாதார அறிஞர் ஜார்ஜ் அகெர்லாஃப் 1970-இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரை ஒன்று உண்டு. பழைய கார் விற்பவருக்கு அதன் குறை தெரியும், வாங்குபவருக்குத் தெரியாது. தரத்தை அறிய முடியாதவர் நல்ல விலை கொடுக்கத் தயங்குவார். அதனால் நல்ல பொருள் சந்தையிலிருந்து விலகும். மட்டமான பொருள் நிலைக்கும் என்பது அதன் சாரம். 2001-இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார் அவர். அக்கட்டுரையை ஆண்டுதோறும் வகுப்பில் நடத்தியவன் நான். அதற்கான எடுத்துக்காட்டு என் வீட்டுச் சுவருக்குள்ளேயே இருந்தது.

கண்ணுக்குத் தெரியாத தரத்துக்கு மூன்றாம் தரப்பின் சான்று ஒரு தீர்வு. வீட்டு உபயோக சுவிட்சுகளுக்கு ஐ.எஸ். 3854, பிளக், சாக்கெட்டுகளுக்கு ஐ.எஸ். 1293 என்று இந்திய தர நிர்ணய அமைவனம் தரநிலைகளை வகுத்துள்ளது. ஐ.எஸ்.ஐ. முத்திரையுடன் 'சி.எம்./எல்.' என்று தொடங்கும் உரிம எண்ணும் இருக்கிறதா எனப் பார்க்க வேண்டும். அந்த எண் உண்மையானதா என்பதை 'பி.ஐ.எஸ். கேர்' செயலியில் சரிபார்க்கலாம்.

அடுத்தது அளவு. நம் வீடுகளில் 6 ஆம்பியர், 16 ஆம்பியர் என இருவகை சாக்கெட்டுகள் உள்ளன. 230 வோல்ட்டில் 6 ஆம்பியர் என்பது 1,380 வாட் மட்டுமே. 2,000 வாட் கீசருக்கோ இண்டக்ஷன் அடுப்புக்கோ ஏறத்தாழ 8.7 ஆம்பியர் தேவை. பெரிய பிளக்கை 'கன்வெர்ட்டர்' மாட்டிச் சிறிய சாக்கெட்டில் செருகுவது ஆபத்தை நாமே விலைக்கு வாங்குவதாகும். சாக்கெட்டை மட்டும் பெரிதாக்கினாலும் போதாது. சுவருக்குள் வரும் கம்பியும் அந்த மின்னோட்டத்தைத் தாங்க வேண்டும்.

மாடுலர் வகையில் ஒரு சுவிட்சுக்கு ஒரு மாடுல் இடம், 6 ஆம்பியர் சாக்கெட்டுக்குப் பெரும்பாலும் இரண்டு என்று கணக்கிட்டுத் தகடு வாங்க வேண்டும். தகடு, அதைத் தாங்கும் சட்டம், சுவிட்சுகள் ஆகியவை ஒரே நிறுவனத்தின் ஒரே வரிசையைச் சேர்ந்தவையாக இருப்பது நல்லது. மிஞ்சும் துளைகளை மூடியிட்டு அடைக்க வேண்டும். குழந்தையின் விரலும் பல்லியும் நுழைய அந்த இடைவெளி போதும்.

பழைய தகட்டைத் தூக்கி எறியும் முன்பு அதைச் சற்றுக் கவனியுங்கள். அது ஒரு சாட்சி. பழுப்புக் கறை, தொட்டால் சூடு, மெல்லிய இரைச்சல், கருகிய வாடை ஆகியவை உள்ளே திருகு தளர்ந்திருப்பதன் அறிகுறிகளாக இருக்கலாம். தளர்ந்த இணைப்பில் மின்னோட்டம் இரு மடங்கானால் வெப்பம் நான்கு மடங்காகும். காரணத்தைக் களையாமல் தகட்டை மட்டும் மாற்றினால், நோய் அப்படியே இருக்க, அதன் அடையாளத்தை மட்டும் அழித்தவர்களாவோம்.

எர்த் கம்பி இல்லாத கீசரில் கசிவு ஏற்பட்டால் அதன் உலோகப் பகுதிகளில் மின்சாரம் நிற்கும். தொடுபவரின் உடலே அதற்கு வழியாகும். எர்த் இருந்தால் கசிவு மண்ணுக்குச் செல்லும். மெயின் பெட்டியிலுள்ள எம்.சி.பி. மிகைச் சுமைக்கும் குறுக்குச் சுற்றுக்கும்தான் காவல். உடல் வழியே பாயும் சிறு கசிவை அது அறியாது. அதற்கு 30 மில்லி ஆம்பியர் ஆர்.சி.சி.பி. தனியே தேவை. அதிலுள்ள சோதனைப் பொத்தானை அவ்வப்போது அழுத்திப் பார்க்க வேண்டும்.

இந்த வேலையை உரிமம் வழங்கும் வாரியத்தின் தகுதிச் சான்று பெற்ற மின்பணியாளரிடம் ஒப்படைப்பதே முறை. யார் செய்தாலும், மெயினை அணைத்தால் போதும் என்று எண்ணக்கூடாது. இன்வெர்ட்டர் உள்ள வீட்டில் மெயினை அணைத்த பிறகும் சில கம்பிகளில் மின்சாரம் இருக்கும். அதையும் நிறுத்தி, டெஸ்டரால் ஒவ்வொரு கம்பியையும் சோதிக்க வேண்டும். அந்த டெஸ்டர் வேலை செய்கிறதா என்பதை மின்சாரம் உள்ள இடத்தில் முன்பே பார்த்துக்கொள்ள வேண்டும்.

ஐ.எஸ்.ஐ. முத்திரை பொருளுக்குத்தான் சான்று. அதைப் பொருத்திய கைக்கு அன்று. அந்த இடத்தை நம் கண்தான் நிரப்ப வேண்டும். அன்று வீடு கட்டியபோது தரையின் பளபளப்பை நாள் முழுவதும் பார்த்துக்கொண்டிருந்த நான், சுவர்ப் பெட்டிகளுக்குள் ஒருமுறைகூட எட்டிப்பார்க்கவில்லை. இம்முறை ஒவ்வொரு தகட்டையும் மூடும் முன் என்னை அழைக்கச் சொன்னேன். பச்சைக் கம்பி தன் இடத்தில் திருகப்பட்டிருப்பதைப் பார்த்த பிறகே மூடச் சம்மதித்தேன். அதற்கு ஆன நேரம், ஒரு போர்டுக்கு ஒரு நிமிடம்கூட இல்லை.