மலையேறுமா நியாயஸ்தலம்?

வழக்கென்று வந்துவிட்டால் கக்ஷிக்காரன்தான் கோர்ட்டைத் தேடிப் போகவேண்டும் என்று நாம் எண்ணுகிறோம். கோர்ட்டே கக்ஷிக்காரனைத் தேடிப் புறப்பட்ட காலமும் உண்டு. இங்கிலாந்தில் 12-ஆம் நூற்றாண்டில், இரண்டாம் ஹென்றி மன்னன் நாளில் வேரூன்றிய அவ்வேற்பாடு 1971-ஆம் வருஷத்துச் சட்டத்தினால்தான் முடிவுற்றது.

சென்னை ராஜதானிக்கு அது 1802-இல் வந்தது. திருச்சிராப்பள்ளி, சித்தூர், மசூலிப்பட்டணம், தலைச்சேரி ஆகிய ஊர்களில் மாகாண கோர்ட்டுகள் ஏற்பட்டன. அவற்றின் நீதிபதிகள் ஸிவில் அப்பீல்களைக் கேட்டதோடு, முறைவைத்து ஜில்லா ஜில்லாவாகச் சுற்றிப் பெருங்குற்றங்களையும் விசாரித்தார்கள். ஏற்பாடு அழகானதுதான். ஆனால் நீதிபதி வரும் வரையில் கைதி சிறையிலே காத்திருக்க வேண்டும். அவர் சுற்றுப் பிரயாணம் போய்விட்டால் அப்பீல் காத்திருக்க வேண்டும்! 1843-இல் இவை எடுபட்டு, ஜில்லாக்களில் நிலையான ஸெஷன்ஸ் கோர்ட்டுகள் அமைந்தன.

சுற்றி வந்த கோர்ட்டும் ஜில்லாவின் தலைமை ஊரோடு நின்றது, மலையேறவில்லை. கல்வராயன் மலையை எடுத்துக்கொள்வோம். கோமுகி நதி பிறக்கும் இம்மலையில் வாழும் மலையாளிப் பழங்குடியினர், தம் முன்னோர் காஞ்சீபுரத்திலிருந்து வந்தவர்கள் என்பர். நெடுங்காலம் ஜாகீர்தார்கள் வசமிருந்த மலை, 1976-இல்தான் சர்க்காரின் நேர் நிர்வாகத்துக்கு வந்தது. கள்ளக்குறிச்சிப் பக்கத்து மலைவாசிக்கு அப்போது ஜில்லாத் தலைநகர் கடற்கரையிலுள்ள கடலூர்! 1993-இல் அது விழுப்புரமாயிற்று. 2019-இல் கள்ளக்குறிச்சியே தனி ஜில்லாவாயிற்று. தலைநகர் அடிவாரத்தை நெருங்கிவிட்டது. மலைப்பாதை மட்டும் மிச்சம். ஒரு வாய்தாவுக்கு இறங்கி வருபவனுக்கு அன்றைக் கூலி போயிற்று. வழக்கு ஒத்திவைக்கப்பட்டால் மறுமுறையும் அதே நஷ்டம்.

2024 ஜூன் மாதம் கள்ளக்குறிச்சியில் விஷச் சாராயத்துக்கு 60-க்கு மேற்பட்டோர் பலியான பின்னர், கல்வராயன் மலை மக்களின் வாழ்க்கை நிலையைச் சென்னை ஹைகோர்ட்டு தானாகவே விசாரணைக்கு எடுத்துக்கொண்டது. நியாயஸ்தலத்தின் பார்வை மலையேறிவிட்டது, பாதங்களும் ஏறவேண்டாமா?

அதற்கு வழி இல்லாமலில்லை. 2008-ஆம் வருஷத்துக் கிராம நியாயாலயச் சட்டப்படி, நியாயாதிகாரி அவ்வப்போது கிராமங்களுக்குச் சென்று, வழக்காடுவோர் வசிக்கும் இடத்துக்கு அருகிலேயே விசாரணை நடத்தவேண்டும். அதற்கு வாகனமும் சர்க்கார் தரவேண்டும். ஆனால் அத்தகைய நியாயாலயங்களை மாகாண சர்க்கார் 'அமைக்கலாம்' என்றே சட்டம் கூறுகிறது; 'அமைக்கவேண்டும்' என்று கூறவில்லை.

பழைய ஸர்க்யூட் கோர்ட்டின் குறை, சுற்றியதில் இல்லை. அடிக்கடி வராததில்தான் இருந்தது. குறித்த நாளில் தவறாமல் வெள்ளிமலைக்கு ஒரு நீதிபதி வருவாரானால், வழக்குக்கென்று மலைவாசி இழக்கும் கூலி அவன் வீட்டு அடுப்புக்குப் போய்ச் சேரும். அந்த 'லாம்' என்னும் ஐயத்தை 'வேண்டும்' என்று மாற்றும்படி கேட்பது குடிமக்களாகிய நமது கடமையன்றோ?