கருவிகளுக்குப் பெயிண்ட் தெளிக்க எந்தக் கம்ப்ரசர்?

இடைசெவல், கோவில்பட்டி, கயத்தாறு சுற்று வட்டாரத்தில் மானாவாரி விதைப்பு புரட்டாசி, ஐப்பசியில் முடிந்துவிடும். பின்னர் இரும்புக் கலப்பையும் விதைப்புக் கருவியும் பல மாதம் சும்மா கிடக்கின்றன. ஒட்டிய கரிசல் களி ஈரத்தை எளிதில் விடாது. அதன் அடியில் துரு ஏறும். கழுவி, துருவைச் சுரண்டி, சட்டங்களுக்குப் பெயிண்ட் அடித்து வைத்தால் கருவி நீண்ட நாள் உழைக்கும். மண்ணில் உரசும் கொழுவுக்குப் பெயிண்ட் நிற்காது. எண்ணெய் தடவினால் போதும்.

ஒரு கலப்பைக்குத் தூரிகையே தாராளம். டிராக்டர் டிரெயிலர் வைத்திருப்போரும், பலர் கூடிக் கருவிகள் வைத்திருப்போரும் கம்ப்ரசர் வாங்க எண்ணலாம். அவர்கள் குதிரைசக்தியையும் தொட்டியின் பருமனையும் மட்டும் பார்த்து ஏமாறக்கூடாது. நிமிடத்துக்கு எத்தனை கன அடி காற்று வெளிவருகிறது என்பதே கணக்கு.

முதலில் துப்பாக்கியைத் தேர்ந்தெடுங்கள். சிறியது 3, 4 கன அடியில் வேலை செய்யும். சாதாரணமானது 6 முதல் 10 கன அடி வரை கேட்கும். அதைவிடக் கால் பங்காவது கூடுதலாகக் கம்ப்ரசர் தரவேண்டும். கடையில் சொல்லும் எண் பெரும்பாலும் பிஸ்டன் உள்ளிழுக்கும் அளவு. வெளிவருவது ஏறக்குறைய அதில் மூன்றில் இரண்டு பங்குதான்.

தொட்டி காற்றைச் சேர்த்து வைக்குமே தவிர, உண்டாக்காது. 50 லிட்டர் தொட்டியில் அழுத்தம் 8 கிலோவிலிருந்து 3 கிலோவுக்கு இறங்குவதற்குள் கிடைப்பது 9 கன அடிக் காற்றே. நிமிடத்துக்கு 8 கன அடி குடிக்கும் துப்பாக்கிக்கு அது ஒரு நிமிடத்துக்குச் சற்று மேல் வரும். பிறகு பெயிண்ட் புகைபோல் படியாமல் சொட்டுச் சொட்டாக விழும்.

பழைய கம்ப்ரசர் வாங்குவோர் கைக்கடிகாரத்தைக் கொண்டு சோதிக்கலாம். 100 லிட்டர் தொட்டியின் வாயை அடைத்து ஓட்டுங்கள். முள் 4 கிலோவிலிருந்து 7 கிலோவுக்கு ஏற 2 நிமிடம் பிடித்தால் வெளிவரும் காற்று நிமிடத்துக்கு 5 கன அடியைச் சற்றுத் தாண்டும். 4 நிமிடம் பிடித்தால் அதில் பாதிதான். அது டயருக்குக் காற்றடிக்க ஆகும், டிரெயிலருக்கு ஆகாது. தொட்டியின் அடிப்பாகம் துருப்பிடித்திருந்தால் விலை எவ்வளவு மலிவானாலும் வாங்கவேண்டாம். அது வெடிக்கக்கூடும்.

2 குதிரைசக்தி ஒருமுனை மோட்டார் ஏறக்குறைய 10 ஆம்பியர் இழுக்கும். மெல்லிய வயரை நீட்டினால் மின்னழுத்தம் குறைந்து மோட்டார் சூடேறும். கம்ப்ரசரை மின் இணைப்பின் அருகில் வைத்துக் காற்றுக் குழாயை நீட்டுவதே நல்லது. பெயிண்ட் ஆவி மோட்டாரை எட்டாமலும் இருக்கும். தின்னர் ஆவி எளிதில் தீப்பற்றும். பக்கத்தில் பீடி, அடுப்பு, வைக்கோல் படப்பு எதுவும் கூடாது. முகமூடி அணியவேண்டும்.

தினமும் வேலை முடிந்ததும் தொட்டியின் அடித்திருகைத் திறந்து நீரை வடியுங்கள். இல்லாவிட்டால் நீர் பெயிண்டோடு கலந்து கொப்புளம் எழுப்பும். காற்றாலைகள் விரைந்து சுழலும் ஆடியில் தெளித்தால் பாதிப் பெயிண்ட் பக்கத்துப் புஞ்சைக்குப் போகும். மீதியில் புழுதி ஒட்டும். அறுவடை முடிந்த மாசி, பங்குனியில், பனி உலர்ந்த காலை வேளையே ஏற்றது.

பூச்சிமருந்துத் தெளிப்பானில் பெயிண்ட் ஊற்றிப் பார்ப்போரும் உண்டு. தின்னர் பட்டால் அதன் ரப்பர் வாஷர்கள் ஊதிக் கெட்டுவிடும்.