படப்பிடிப்புக்கு முன்பே பின்னணி இசை! எலேனி கரைன்த்ருவைத் தெரியுமா?

படத்தை எடுத்து, எடிட்டிங் முடித்து, அப்புறம்தானே ரீரெக்கார்டிங்? கிரேக்க இயக்குநர் தியோ ஆஞ்சலோபௌலோஸ் இந்த வரிசையையே தலைகீழாக்கினார், தெரியுமா? கதையைத் தன் வாயாலேயே சொல்வார். கேட்டுக்கொண்டிருக்கும் இசையமைப்பாளர் எலேனி கரைன்த்ரு, கதையிலிருந்தே மெட்டைப் பிடித்துவிடுவார். கேமரா சுழலும் முன்பே, பெரும்பாலும் இசை தயார்!

இந்த ஜோடி சேர்ந்த கதை இன்னும் அருமை. 1982, தெசலோனிகி திரைப்பட விழா. 'ரோசா' படத்துக்காக எலேனிக்கு இசை விருது. நடுவர் குழுத் தலைவர் யார் தெரியுமா? சாட்சாத் ஆஞ்சலோபௌலோஸ்! இரண்டே வருடத்தில் 'சித்தேராவுக்கு ஒரு பயணம்' வந்தது. அதில் தொடங்கி 2008-ல் வந்த 'காலத்தின் தூசி' வரை அவர் இயக்கிய எட்டு முழுநீளப் படங்களுக்கும் எலேனிதான். 1998-ல் கான் விழாவில் தங்கப் பனை வென்ற 'முடிவின்மையும் ஒரு நாளும்' படமும் இதில் அடக்கம்!

மலைக் கிராமத்தில் பிறந்து, எட்டு வயதில் ஏதென்ஸுக்கு வந்தவர் எலேனி. பியானோ கற்றார், கூடவே வரலாறும் தொல்லியலும் படித்தார். 1967-ல் கிரேக்கத்தில் ராணுவம் ஆட்சியைப் பிடித்த பிறகு, அந்த ஆட்சிக் காலத்தில் பாரிஸ் வாசம். அங்கே நாட்டார் இசை ஆய்வு, வாத்தியக் குழுவுக்கு இசை எழுதும் கலை, ஜாஸ் கலைஞர்களோடு வாசிப்பு. 1974-ல் அந்த ஆட்சி விழுந்ததும் ஊர் திரும்பி, மரபு வாத்தியங்களுக்கென்றே ஒரு கூடம் தொடங்கினார். நாட்டார் இசையும் மேற்கத்தியச் செவ்வியலும் அவர் மெட்டுகளில் இவ்வளவு இயல்பாகக் கலந்திருப்பது ஏன் என்று புரிகிறதல்லவா?

என்னை அசர வைப்பது இதுதான்: படத்துக்குப் படம் ஒரு வாத்தியம் முன்னால் வந்து நிற்கும்! தேன்கூடுகளை லாரியில் ஏற்றிக்கொண்டு பூக்களைத் தேடி அலையும் ஓய்வுபெற்ற ஆசிரியராக மார்செல்லோ மாஸ்ட்ரோயானி நடித்த 'தேனீ வளர்ப்பவர்' படத்தில், நார்வேக்காரர் யான் கர்பாரெக்கின் சாக்ஸபோன். ஜெர்மனியில் இருப்பதாக நம்பும் அப்பாவைத் தேடி ரயிலேறும் இரண்டு பிள்ளைகளின் கதைக்கு ஓபோ. போர் நடக்கும் சரயேவோவரை பழைய படச்சுருள்களைத் தேடிச் செல்லும் 'யுலிசஸின் பார்வை'யில் கிம் கஷ்கஷியானின் வயோலா. 'அழும் புல்வெளி'யிலோ அக்கார்டியன்; அதன் நாயகனே அக்கார்டியன் கலைஞன்! அந்தப் படத்துக்காக கெர்கினி ஏரிப் படுகையில் ஒரு கிராமத்தையே கட்டி, நீர் ஏறி மூழ்கும்வரை காத்திருந்து எடுத்தார்கள்.

ஆஞ்சலோபௌலோஸின் ஷாட்கள் நிமிடக்கணக்கில் நீள்பவை. பேச்சு குறைவு, வெட்டு அதைவிடக் குறைவு. அந்த இடங்களில் இசை காட்சியை விளக்குவதே இல்லை. பாத்திரங்கள் வாய்விட்டுச் சொல்லாததைச் சொல்லிவிடுகிறது. திரைக்கதையின் பாதிச் சுமை எலேனியின் தோளில்தான் என்பேன்.

2010-ல் ஏதென்ஸ் மேடையில் கர்பாரெக், கஷ்கஷியான், ஓபோ மேதை வாங்கெலிஸ் கிறிஸ்டோபௌலோஸ் மூவரும் ஒன்றுசேர்ந்து அவர் மெட்டுகளை வாசித்தார்கள். அது இசைத்தட்டாகவும் வந்திருக்கிறது. படங்களைப் பார்க்காதவர்கள் அந்தத் தட்டிலிருந்தே தொடங்கலாம். இசையில் தொடங்கிப் படத்துக்குப் போவதுதானே இவர்கள் இருவரின் வழியும்!